மால்குடிக்கு உருவம் தந்த கலைஞர்

பெங்களூரின் தென்கிழக்கே ஓசூர்ச் சாலையை ஒட்டி அமைந்துள்ள பகுதி பொம்மனஹள்ளி. முன்னாளில் தனி நகரசபையாக விளங்கிய இவ்வூர், 2007ஆம் ஆண்டில் பெங்களூர் மாநகராட்சியோடு இணைக்கப்பெற்றது. ஆயத்த ஆடைத் தொழிற்சாலைகளை நாடியும், கட்டடப் பணியை நாடியும், வண்டி ஓட்டிப் பிழைக்கவும் தமிழ்நாட்டின் வடமாவட்டங்களிலிருந்து வந்து குடியேறியோர் இங்கே பலர். இப்பகுதியின் சாலை முனைகளில் வரிசையாக நிற்கும் ஆட்டோ ரிக்ஷாக்களைக் கூர்ந்து நோக்கினால், அவற்றுள் பலவற்றின் முதுகில் ஒரே முகம் தீட்டப்பட்டிருப்பதைக் காணலாம். அம்முகத்துக்குரியவர் மறைந்து முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆகின்றன. அவ்வண்டிகளை ஓட்டும் இளைஞர் பலர் அவர் மறைந்த பின்னரே பிறந்தவர்கள். அவர்களுள் வீட்டில் தமிழ் பேசுவோரும் உளர். அம்முகம் கன்னடத் திரைப்பட நடிகரும் இயக்குநருமான சங்கர் நாக் அவர்களுடையது.

ஆட்டோ ஓட்டுவோருக்கு அவர் நடிகர். 1980ஆம் ஆண்டில் வெளிவந்த 'ஆட்டோ ராஜா' என்னும் படத்தில் ஆட்டோ ஓட்டுநராக அவர் தோன்றினார். காக்கிச் சட்டை அணிந்து உழைக்கும் ஒருவனைக் கதையின் தலைவனாக, மானமும் நேர்மையும் உடையவனாகத் திரையில் கண்டபோது, அத்தொழிலைச் செய்தவர்கள் அவரைத் தம்மவராகவே ஏற்றுக்கொண்டனர். அவர் பெயரால் இந்நகரில் அமைந்துள்ள ஆட்டோ நிலையங்கள் பல. ஆயினும் நான் இன்று சொல்ல விரும்புவது பெரும்பாலும் இயக்குநர் சங்கர் நாகைப் பற்றி. திரையிலும் தொலைக்காட்சியிலும் அவர் ஆற்றிய பணி, பிற மாநிலங்களில் வாழும் தமிழர்களாகிய நாம் அறிந்துகொள்ள வேண்டிய ஒன்று என்பது என் எண்ணம். அதற்குரிய காரணம் போகப் போக விளங்கும்.

சங்கர் நாக் 1954ஆம் ஆண்டு நவம்பர் 9ஆம் நாள் கர்நாடகத்தின் வடகன்னட மாவட்டத்தில், கடலோரத்து ஹொன்னாவரப் பகுதியில் பிறந்தவர். வீட்டில் வழங்கிய மொழி கொங்கணி. இன்று நாடறிந்த நடிகராக விளங்கும் அனந்த் நாக் இவருடைய தமையனார். கல்வி முடிந்ததும் சங்கர் சென்ற நகரம் பம்பாய். அங்கே அவரை ஆட்கொண்டது மராத்தி நாடக மேடை. நடிப்பு, ஒத்திகை, மேடை அமைப்பு, ஒளியமைப்பு என நாடகத்தின் எல்லாத் துறைகளையும் அவர் கற்றது அங்கேதான். பின்னாளில் வாழ்க்கைத் துணைவியாராக அமைந்த அருந்ததி அவர்களைச் சந்தித்ததும் அந்நாடக உலகிலேயே. '22 ஜூன் 1897' என்ற மராத்திப் படத்தின் கதையமைப்பிலும் அவருக்குப் பங்குண்டு. பூனா நகரில் பிளேக் நோயைத் தடுக்கும் பெயரால் மக்களைத் துன்புறுத்திய ஆங்கில அதிகாரியைச் சாபேகர் சகோதரர்கள் சுட்டுக் கொன்ற வரலாற்றைக் கூறுவது அப்படம்.

ஆக, கொங்கணியைத் தாய்மொழியாகக் கொண்ட ஓர் இளைஞர் மராத்தியில் கலை பயின்றார். அவருக்குப் பெரும் புகழ் வந்ததோ கன்னடத்தில். கிரீஷ் கர்னாட் இயக்கி 1978இல் வெளிவந்த 'ஒந்தானொந்து காலதல்லி' என்னும் படத்தில், கூலிக்குப் போரிடும் வீரனாக அவர் நடித்தார். இந்திய சர்வதேசத் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்கான பரிசு அவருக்குக் கிடைத்தது. அதன் பின் கன்னட நாட்டுக்கே வந்து தங்கிய அவருக்கு மேலும் பன்னிரண்டு ஆண்டுகளே வாழ்வு எஞ்சியிருந்தது. அக்குறுகிய காலத்தில் எண்பதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார், படங்களை இயக்கினார், நாடகங்களை மேடையேற்றினார், ஒலிப்பதிவு நிலையம் ஒன்றை நிறுவினார், தொலைக்காட்சிக்கு ஓர் அரிய தொடரை அளித்தார்.

இவ்விடத்தில் நம்மோடு தொடர்புடைய ஒரு செய்தியை நினைவுகூர வேண்டும். முதல் கன்னடப் பேசும் படமான 'சதி சுலோசனா' 1934இல் வெளிவந்தது. அது எடுக்கப்பட்ட இடம் மராத்தி நாட்டுக் கோலாப்பூர். அதன் பின்னர் நெடுங்காலம் கன்னடப் படத்தொழில் நிலைகொண்டிருந்த இடம் சென்னை. படப்பிடிப்பு அரங்குகளும் ஒலிப்பதிவுக் கூடங்களும் படச்சுருள்களைக் கழுவும் நிலையங்களும் கோடம்பாக்கத்திலும் அதன் சுற்றுப்புறத்திலுமே இருந்தமையால், கன்னடக் கலைஞர்கள் அங்கே சென்று குடியிருந்தனர். கன்னட மக்கள் தெய்வமெனப் போற்றிய ராஜ்குமார் அவர்களும் பல்லாண்டுகள் சென்னையில் வாழ்ந்தவரே. பிழைப்பை நாடித் தமிழர் பெங்களூருக்கு வந்தது போலவே, கலையை நாடிக் கன்னடர் சென்னைக்கு வந்தனர். குடிபெயர்தல் என்பது ஒரு திசையில் மட்டும் நிகழ்வதன்று.

தம் மாநிலத்துப் படங்களின் வேலை தம் மாநிலத்திலேயே நடைபெற வேண்டும் என விரும்பியவர்களுள் சங்கர் நாக் முன்னிற்பவர். பெங்களூரில் 'சங்கேத்' என்ற பெயரால் அவர் நிறுவிய ஒலிப்பதிவு நிலையம் அவ்விருப்பத்தின் விளைவு. ஆனால் அவ்விருப்பம் பிறமொழியார் மீது வெறுப்பாக ஒருநாளும் மாறவில்லை. 1981இல் அவர் இயக்கிய 'கீதா' படத்துக்கு இசையமைத்தவர் நம் இளையராஜா. அப்பாடல்களைக் கன்னட இல்லங்கள் இன்றும் விரும்பிக் கேட்கின்றன. கருவிகளைத் தம் ஊரில் வைத்துக்கொள்வது வேறு. கலைஞர்களைத் தம் மொழிக்குள்ளேயே தேடுவது வேறு. இவ்வேறுபாட்டை அவர் நன்கு உணர்ந்திருந்தார்.

இயக்குநராக அவர் எடுத்த முதற்படம் 1980இல் வெளிவந்த 'மின்சின ஓட'. தமிழில் 'மின்னல் ஓட்டம்' எனலாம். கார் திருடும் இளைஞர்களைப் பற்றிய கதை அது. அதனினும் ஆழமாக நெஞ்சில் பதிவது 1985இல் வெளிவந்த 'ஆக்ஸிடென்ட்'. அரசியல் செல்வாக்குடைய ஒருவரின் மகன் போதையில் வண்டி ஓட்டி, நடைபாதையில் உறங்கிக் கொண்டிருந்த ஏழைகளின் மீது ஏற்றிவிடுகிறான். உயிர்கள் பலியாகின்றன. உண்மையை மறைக்க அதிகாரம் முயல்கிறது. அதை வெளிக்கொணரச் செய்தியாளன் ஒருவன் முயல்கிறான். அச்செய்தியாளனாக நடித்தவரும் சங்கர் நாகே. பாடல்களே இல்லாத இப்படத்துக்கும் பின்னணி இசை அளித்தவர் இளையராஜா. சமூகப் பிரச்சினையைக் கூறும் சிறந்த படம் என்ற வகையில் இதற்குத் தேசிய விருது கிடைத்தது.

நடைபாதையில் உறங்குவோர் யாவர் என்று சிறிது எண்ணிப் பாருங்கள். பெருநகரங்கள் எவற்றிலும் அவர்கள் பெரும்பாலும் வெளியூர்களிலிருந்து வேலை தேடி வந்தவர்களே. இறந்துபோனால் பெயர் சொல்லவும் ஆளில்லாதவர்கள். அவர்களுடைய மரணம் விசாரணைக்கு உரியது, ஒரு முழுநீளப் படத்துக்கு உரியது என அவர் கருதினார். மாலை வேளைகளில் மக்கள் கைதட்டும் சண்டைப் படங்களில் நடித்து ஈட்டிய செல்வாக்கை, இத்தகைய படங்களை எடுப்பதற்கு அவர் பயன்படுத்திக் கொண்டார். 1987இல் ராஜ்குமாரை வைத்து அவர் இயக்கிய 'ஒந்து முத்தின கதெ'யும் ஏழை ஒருவனின் கதையே. அமெரிக்க எழுத்தாளர் ஸ்டைன்பெக்கின் குறுநாவலைத் தழுவிய அப்படம், பெருமுத்து ஒன்று கிடைத்தமையால் முத்துக் குளிப்பவன் குடும்பத்துக்கு நேர்ந்த துன்பத்தைக் கூறுவது.

இனி, அவருடைய பெயரை இந்தியா முழுவதும் கொண்டு சென்ற தொலைக்காட்சித் தொடருக்கு வருவோம்.

ஆர்.கே. நாராயண் 1906ஆம் ஆண்டில் சென்னையில் பிறந்தவர், தமிழ்க் குடும்பத்தினர், மைசூரில் வாழ்ந்தவர், ஆங்கிலத்தில் எழுதியவர். 1930ஆம் ஆண்டு விஜயதசமி நாளில், பெங்களூரில் இருந்தபோது, எழுத அமர்ந்த அவர் மனத்தில் சிறிய ரயில் நிலையம் ஒன்று தோன்றியது. அதுவே மால்குடி. அதனைக் களமாகக் கொண்ட 'சுவாமியும் நண்பர்களும்' 1935இல் வெளிவந்தது. பின்னர் எழுதிய கதைகளிலும் நாவல்களிலும் மால்குடி ஒரு முழு ஊராக வளர்ந்தது. பள்ளியும் கடைத்தெருவும் சரயு என்னும் ஆறும் அதற்கு உண்டு. நாட்டுப் படத்தில் மட்டும் இடமில்லை.

நாராயணின் எழுத்தைத் திரைக்குக் கொண்டு செல்லும் முயற்சி முன்பே நடந்தது. 1960இல் சாகித்திய அக்காதெமிப் பரிசு பெற்ற அவரது 'தி கைடு' நாவல் 1965இல் ஹிந்திப் படமாக வந்து வெற்றி கண்டது. ஆயின் தென்னாட்டுச் சிற்றூரில் நிகழும் அக்கதை, வடநாட்டு அரண்மனைகளும் கோட்டைகளும் நிறைந்த களத்துக்கு மாற்றப்பட்டது. மால்குடியே அங்கில்லை. இது ஆசிரியரை மிகவும் வருத்தியது. தம் மனக்குறையை வெளிப்படையாகவே ஒரு கட்டுரையில் எழுதினார். படம் சுவையாக இருக்கலாம். மூலத்தை எழுதியவர் அதில் தம் ஊரைக் காண இயலவில்லை.

அலுவலகத்தில் மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்டவன் நான். ஆதலின் இச்செய்தி எனக்குத் தனிப்பட்ட முறையில் பொருளுடையது. ஒரு மொழியிலிருந்து மற்றொரு மொழிக்குச் செல்லும்போது சொற்கள் மாறியே தீரும். அதனால் இழப்பு நேரும் என அஞ்ச வேண்டியதில்லை. எதை மாற்றலாம், எதைத் தொடலாகாது என்று அறிவதிலேதான் மொழிபெயர்ப்பாளனின் பொறுப்பு இருக்கிறது. சங்கர் நாக் இயக்கி 1986-87இல் தூர்தர்ஷன் ஒளிபரப்பிய 'மால்குடி டேஸ்' தொடரை, இக்கண்கொண்டு பார்க்கும்போது வியப்பே மேலிடுகிறது.

அத்தொடர் முப்பத்தொன்பது பகுதிகளைக் கொண்டது. படப்பிடிப்பின் பெரும்பகுதி நடைபெற்ற இடம் சிவமொக்கா மாவட்டத்து ஆகும்பெ. மேற்குத் தொடர்ச்சி மலையின் உச்சியில் இருக்கும் அவ்வூர், ஆண்டுக்கு ஏழாயிரம் மில்லிமீட்டர் அளவுக்கு மழை பெய்யும் இடம். ஓட்டு வீடுகளும் அகன்ற திண்ணைகளும் முற்றங்களும் உடைய அவ்வூரின் தெருவே மால்குடியின் தெருவாயிற்று. கலை அமைப்பை ஏற்றவர் பெங்களூர் ஓவியரும் சிற்பியுமான ஜான் தேவராஜ். ரயில் நிலையக் காட்சிகளுக்கு அதே மாவட்டத்து அரசாளு என்னும் சிறு நிலையம் பயன்பட்டது. முகப்பில் தோன்றும் கோட்டோவியங்கள் நாராயணின் இளவல் ஆர்.கே. லக்ஷ்மண் வரைந்தவை. சிறுவன் சுவாமியாக மாஸ்டர் மஞ்சுநாத்தும், தந்தையாகக் கிரீஷ் கர்னாடும் நடித்தனர். இசை, நம் எல். வைத்தியநாதன் அமைத்தது. 'ஏழாவது மனிதன்' படத்தில் பாரதியார் பாடல்களுக்கு இசை வடிவம் தந்தாரே, அவரே இவர். ஒருமுறை கேட்டால் நெஞ்சை விட்டு அகலாத இசை அது.

இப்போது மொழிகளை எண்ணிப் பாருங்கள். ஆசிரியரின் தாய்மொழி தமிழ். எழுதிய மொழி ஆங்கிலம். இயக்குநரின் வீட்டு மொழி கொங்கணி. நடித்தவர்களுள் பெரும்பாலோர் கன்னடத்தார். காட்சி கன்னட மலைநாடு. நாடு முழுவதும் ஒலித்த உரையாடலோ ஹிந்தி. இத்தனை மொழிகளைக் கடந்தும் மால்குடி சிதையவில்லை. மூலக்கதையில் இல்லாத ஆடலையும் பாடலையும் அவர் நுழைக்கவில்லை. சிறு கதையைச் சிறு கதையாகவே விட்டுவைத்தார். நாராயணும் இத்தொடரைக் கண்டு மனநிறைவு கொண்டார்.

ஒரு கதையைச் சான்றாகக் கூறுகிறேன். மாதம் நாற்பது ரூபாய் பெறும் எழுத்தர் ஒருவர், தம் சிறு மகளை மாலையில் சினிமாவுக்கு அழைத்துச் செல்வதாக வாக்களிக்கிறார். அலுவலகத்திலோ வேலை ஓய்ந்தபாடில்லை. மனம் கொதித்து வேலையைத் துறப்பதாகக் கடிதம் எழுதுகிறார். மேலதிகாரி ஐந்து ரூபாய் ஊதிய உயர்வை அறிவிக்கிறார். கடிதம் திரும்ப வாங்கப்படுகிறது. இரவு வீடு திரும்பும்போது, வெளியே செல்வதற்காக உடுத்திய பாவாடையும் சட்டையுமாகக் குழந்தை உறங்கிப் போயிருக்கிறாள். கதை அவ்வளவே. வில்லன் எவனும் இல்லை. பெருங்குரல் எடுத்து யாரும் அழவில்லை. ஆனால் ஊதியத்துக்காக ஊரையும் உறவையும் விட்டு வந்தவர்கள், கூடுதல் நேரப் பணிக்காகக் குழந்தையின் மாலை வேளையை இழந்தவர்கள், இக்கதையைக் கண்டபின் சிறிது நேரம் பேசாமல் இருப்பார்கள். பொம்மனஹள்ளியின் தொழிற்சாலை வாயில்களில் மாலையில் வெளிவரும் தாய்மார்களுக்கு இது எந்த மொழியில் சொன்னாலும் விளங்கும்.

இத்தகைய கலைஞரின் வாழ்வு மிக விரைவில் முடிந்துவிட்டது. 1990ஆம் ஆண்டு செப்டம்பர் 30ஆம் நாள், 'ஜோக்குமாரசுவாமி' என்ற படத்தின் பணிக்காகச் சென்றுகொண்டிருந்தபோது, தாவணகெரெ நகருக்கு அருகிலுள்ள ஆனகோடு என்னும் ஊரில் நேர்ந்த சாலை விபத்தில் அவர் உயிரிழந்தார். உடன் சென்ற துணைவியார் கடுங்காயமுற்றார். அவருக்கு அப்போது முப்பத்தாறு வயதுகூட நிறையவில்லை. கர்நாடகம் முழுவதும் துயரில் ஆழ்ந்தது.

மறுஆண்டு, 1991 டிசம்பரில், காவிரி நடுவர் மன்றத்தின் இடைக்கால ஆணையை ஒட்டி இந்நகரில் கலவரம் மூண்டது. தமிழர் வாழும் பகுதிகள் பல தாக்கப்பட்டன. உயிர்களும் உடைமைகளும் அழிந்தன. அந்நாட்களைக் கண்டவர்கள் இன்றும் இந்நகரில் இருக்கிறார்கள். இதனைக் குறிப்பிடுவது பழம்புண்ணைக் கிளறுவதற்காக அன்று. தமிழரும் கன்னடரும் கூடிச் செய்த பணிகளையே வாழ்நாளெல்லாம் செய்த ஒருவர் மறைந்த பதினைந்து மாதங்களுக்குள் இது நிகழ்ந்தது. கலை கலவரத்தைத் தடுத்து நிறுத்திவிடும் என்று நான் கூறமாட்டேன். கலவரம் ஓய்ந்த பின்னர், ஒரே தெருவில் மீண்டும் வாழ வேண்டியவர்கள் எதைப் பற்றிப் பேசிக்கொள்வது என்ற கேள்வி எழுகிறதே, அப்போது இருவருக்கும் பொதுவான பாட்டும் பொதுவான கதையும் வேண்டியிருக்கின்றன. அத்தகைய பொதுச் செல்வத்தை அவர் சேர்த்து வைத்துச் சென்றார்.

அவர் விட்டுச் சென்ற கனவுகளும் வீண்போகவில்லை. நல்ல நாடக அரங்கம் ஒன்று பெங்களூரில் வேண்டும் என அவர் விரும்பியதுண்டு. விபத்திலிருந்து மீண்டெழுந்த அருந்ததி நாக் அவர்கள் பல்லாண்டுகள் பாடுபட்டு, ஜே.பி. நகரில் 'ரங்க சங்கரா' என்னும் அரங்கத்தை 2004ஆம் ஆண்டில் திறந்துவைத்தார். கன்னட நாடகங்களோடு தமிழ் உள்ளிட்ட பிற மொழி நாடகங்களும் அங்கே மேடையேறுகின்றன. குறித்த நேரத்துக்குப் பின் வருவோர் எவராயினும் உள்ளே விடப்படுவதில்லை. பெங்களூருக்கு மெட்ரோ ரயில் தேவை என்று 1980களிலேயே அவர் வற்புறுத்தி வந்ததையும் அவரை அறிந்தோர் பலர் நினைவுகூர்ந்துள்ளனர். அவ்வண்டி இந்நகரில் முதன்முதலாக ஓடியது 2011இல். பொம்மனஹள்ளிக்கு வந்தது 2025 ஆகஸ்டில். அரசாளு நிலையத்தின் பழைய கட்டடமோ 2020இல் 'மால்குடி அருங்காட்சியகம்' ஆகிவிட்டது. கற்பனை ஊருக்கு உண்மையான ரயில் நிலையம் ஒன்று வாய்த்தது.

நேயர்களே, பிற மாநிலத்தில் வாழும் நாம் அடிக்கடி கேட்டுக்கொள்ளும் கேள்வி ஒன்றுண்டு: 'இது நம் ஊர்தானா?' சங்கர் நாக் பிறந்த மொழியில் பெரும் படம் எடுத்தவரல்லர். பயின்ற மொழியிலும் நிலைத்து நின்றவரல்லர். எந்த இடத்தில் பணி அமைந்ததோ, அந்த இடத்தின் மொழியைத் தமதாக்கிக் கொண்டு, அந்த மக்களுக்குப் பயன்படும் ஒன்றைச் செய்தார். அவரை 'வெளியூரார்' என்று பம்பாய் நாடகத்தாரும் சொல்லவில்லை. பெங்களூர் மக்களும் சொல்லவில்லை.

நம்மால் படம் எடுக்க இயலாமற் போகலாம். ஆயினும் அண்டை வீட்டாரின் மொழியைக் கற்கலாம். அவர்கள் போற்றும் கலைஞரை அறிந்து, அவரைப் பற்றி அவர்களோடு நாலு வார்த்தை பேசலாம். நம் இளையராஜாவும் வைத்தியநாதனும் நாராயணும் அவருடைய பணியில் கலந்திருப்பதை நம் குழந்தைகளுக்கு எடுத்துச் சொல்லலாம். விடுமுறை நாளில் அவர்களை ரங்க சங்கராவுக்கு அழைத்துச் செல்லலாம். மால்குடிக் கதைகளை ஒன்றாக அமர்ந்து காணலாம். தமிழை வீட்டில் பேணிக்கொண்டே கன்னடத்தைத் தெருவில் வளர்த்துக்கொள்வதில் எவ்வித முரண்பாடும் இல்லை. அவ்வாறு செய்யும் குடும்பத்துக் குழந்தை வளர்ந்து ஆளாகும்போது, 'இது நம் ஊர்தானா' என்று கேட்க வேண்டிய நிலை அதற்கு நேராது.